நீதிமன்றக் கட்டளை தொழிலாளிக்கு மட்டும்தானா?



சேமலாப நிதிக்கென்று மாதாமாதம் நமது சம்பளத்தில் 8 சதவீதம் பிடிக்கிறார்கள். அதோடு 12 சதவீதத்தைச் சேர்த்து நிர்வாகம் நிதிக்குக் கட்ட வேண்டும். 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம் இதைத்தான் சொல்கிறது. நம்பிக்கை நிதிக்கான 3 சதவீதம் முழுவதும் நிர்வாகத்தின் பொறுப்பு. ஐந்து வருடமோ அதற்கு மேலோ உழைத்து விலகும் நாட்சம்பளத் தொழிலாளிக்கு, ஒவ்வொரு முழு வருடத்துக்கும் 14 நாள் சம்பளம் சேவைக்காலப் பணமாக 30 நாளுக்குள் கிடைக்க வேண்டும்.

ஆனால் அரசாங்கத்தின் கீழுள்ள தோட்டங்களிலேயே இந்தப் பணம் வருடக்கணக்கில் நிலுவையாகக் கிடக்கிறது. வழக்குப் போட்டால் “தவணை முறையில் கட்டுகிறோம்” என்று நீதிமன்றத்தில் ஒப்புக்கொள்கிறார்கள். இரண்டு தவணை வரும், மூன்றாவது வராது. கேட்டால் தேயிலை விலை இறங்கிவிட்டது என்பார்கள். புதிய அதிகாரி வந்திருக்கிறார் என்பார்கள். பணத்துக்கும் தவணை, வழக்குக்கும் தவணை. இதற்கிடையில் பென்சன் போனவர் கண்ணை மூடிவிடுகிறார்.

விலை இறங்கினால் நமது 8 சதவீதம் எங்கே போனது? அது நிர்வாகத்தின் பணமல்ல. நமது கைக்கு வருமுன்பே பிடித்த பணம். அதைக் கட்டாமல் வைத்திருப்பதற்கு நட்டம் ஒரு காரணமாகாது.

வேலைநிறுத்தத்தின்போது நிர்வாகம் தடையுத்தரவு வாங்கினால், அதை மீறும் தொழிலாளி அவமதிப்புக் குற்றவாளியாகிறார். அப்படியானால், பணம் கட்டுவதாக நீதிபதி முன் வாக்குக் கொடுத்துவிட்டு வேண்டுமென்றே மீறும் அதிகாரி யார்? நீதிமன்ற அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 105ஆம் உறுப்புரை உயர் நீதிமன்றத்துக்கும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் கொடுத்திருக்கிறது. அந்தச் சட்டம் துரைக்கு ஒரு மாதிரி, நமக்கு ஒரு மாதிரி எழுதப்படவில்லை.

அதிகாரிகளைச் சிறைக்கு அனுப்பினால் தோட்டம் மூடப்படும் என்று சிலர் பயமுறுத்துகிறார்கள். யாரும் சிறைக்குப் போக வேண்டுமென்பது நமது கோரிக்கையல்ல. பணம் நமது கணக்குக்கு வர வேண்டும். அவமதிப்பு வழக்கு வருமென்று தெரிந்தால்தான் சிலருக்குத் தேதி ஞாபகம் வருகிறது.

ஆகவே நாம் கேட்பது இதுதான். தவணைக்கு உடன்படுவதானால் தேதியும் தொகையும் பொறுப்பான அதிகாரியின் பெயரும் வழக்கேட்டில் பதியப்பட வேண்டும். முதல் தவணை தவறினாலே நீதிமன்றத்துக்குத் திரும்ப வேண்டும். தொழில் திணைக்களமும் கடிதம் அனுப்புவதோடு நின்றுவிடக் கூடாது. சேமலாப நிதி நிலுவையை நீதவான் நீதிமன்றம் மூலம் தண்டப்பணம் போல அறவிடச் சட்டத்தில் இடமிருக்கிறது. அதைப் பயன்படுத்தட்டும். பென்சன் போனவர்களுக்கும் இறந்தவர்களின் குடும்பத்துக்கும் முதலில் பணம் கொடுபட வேண்டும்.

ஒன்றை மறக்க வேண்டாம். பணம் தாமதமானதைக் காட்டினால் மட்டும் அவமதிப்பு நிரூபணமாகாது. கட்டளை தெரிந்தும் வேண்டுமென்றே மீறினார்கள் என்று காட்ட வேண்டும். அதற்குக் காகிதம் வேண்டும். சம்பளச் சீட்டு, சேமலாப நிதி இலக்கம், கட்டளையின் பிரதி, கிடைத்த தவணைகளின் விபரம் எதையும் வீசிவிடாதீர்கள். தோட்டக் கமிட்டித் தலைவரிடம் ஒரு பிரதி கொடுத்து வையுங்கள்.

நாம் கேட்பது பிச்சையல்ல, உழைத்துச் சேர்த்த காசு!