ஆங்கிலம் பேசும் ஆசிரியரை முதலில் உருவாக்குங்கள்

அரசுப் பள்ளியில் ஒன்றாம் வகுப்பில் சேரும் தமிழ்நாட்டுக் குழந்தை, பன்னிரண்டாம் வகுப்பை முடிக்கும்வரை ஓர் ஆண்டுகூட இடைவெளியில்லாமல் ஆங்கிலம் படிக்கிறது. அதே பிள்ளை பொறியியல் கல்லூரியின் முதலாமாண்டு வகுப்பில், கேட்ட கேள்விக்கு விடை தெரிந்தும் எழுந்து சொல்லத் தயங்குகிறது. மருத்துவப் படிப்பில் 2020இலும் பொறியியல் உள்ளிட்ட தொழிற்படிப்புகளில் 2021இலும் அரசுப் பள்ளி மாணவர்களுக்கு 7.5 விழுக்காடு ஒதுக்கீடு கிடைத்தது. தமிழ்நாடு பெருமைப்பட வேண்டிய சட்டங்கள் அவை. ஆனால் அந்தச் சட்டங்களால் கல்லூரிக்குள் நுழைந்த பிள்ளைகள் முதல் பருவத்திலேயே மொழியால் ஊமையாகி நிற்பதை அங்கே பாடம் நடத்தும் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

இந்தக் குறையைச் சரிசெய்ய வேண்டிய இடம் ஆசிரியர் கல்வி. பாடநூல், பயிற்றுமொழி, திறன்பலகை எல்லாம் அதற்குப் பின்னால்தான் வரும். வசதியான வீட்டுக் குழந்தைக்கு ஆங்கிலம் வீட்டிலும் தொலைக்காட்சியிலும் சிறப்பு வகுப்பிலும் கிடைத்துவிடுகிறது. கட்டடத் தொழிலாளியின் மகளுக்கு ஆங்கிலம் காதில் விழக்கூடிய ஒரே இடம் வகுப்பறை. பேசிக் காட்டக்கூடிய ஒரே ஆள் ஆசிரியர். அந்த ஆசிரியரே ஆங்கிலம் பேசக் கூச்சப்படுபவராக இருந்தால் அவளுக்கு மொழி எங்கிருந்து வரும்?

அரசுகள் இதுவரை இந்தக் கேள்வியைச் சுற்றிச் சுற்றியே வந்திருக்கின்றன. 2012-13இல் அரசுப் பள்ளிகளில் ஆங்கிலவழிப் பிரிவுகள் தொடங்கப்பட்டன. அடுத்த ஆண்டே பெருமளவில் விரிவடைந்தன. பெற்றோரின் ஏக்கத்தைப் புரிந்துகொண்ட முடிவு அது. தனியார் பள்ளிக்குக் கட்டணம் கட்ட முடியாத தாய், தன் பிள்ளையும் ஆங்கிலவழியில் படிக்க வேண்டும் என்று நினைப்பதில் தவறே கிடையாது. ஆனால் பெயர்ப்பலகை மாறிய அளவுக்கு ஆசிரியர் தயாரிப்பு மாறவில்லை. நேற்றுவரை தமிழ்வழியில் அறிவியல் நடத்திய அதே ஆசிரியர், தமக்கே பழக்கமில்லாத மொழியில் ஒளிச்சேர்க்கையை விளக்கும் நிலைக்குத் தள்ளப்பட்டார். விளைவாக, அறிவியலும் புரியாமல் ஆங்கிலமும் வராமல், வினா விடையை மனப்பாடம் செய்யும் தலைமுறை ஒன்று வளர்ந்தது. சிக்கல் நம் மாநிலத்தோடு நிற்கவும் இல்லை. நாடு முழுவதும் கிராமப்புற வீடுகளுக்குச் சென்று குழந்தைகளைப் படிக்கவைத்துப் பார்க்கும் ‘ஏசர்’ ஆய்வின்படி, 2016இல் ஐந்தாம் வகுப்பில் ஏறத்தாழ நான்கில் ஒரு குழந்தையால்தான் எளிய ஆங்கில வாக்கியத்தைப் படிக்க முடிந்தது. 2022இலும் அதே நிலைதான்.

ஆங்கிலப் பாடவேளையில் என்னதான் நடக்கிறது? ஆசிரியர் ஒரு வரி வாசிக்கிறார். வகுப்பு முழுவதும் சேர்ந்து திரும்பச் சொல்கிறது. அந்த வரிக்குத் தமிழில் பொருள் சொல்லப்படுகிறது. அருஞ்சொற்கள் கரும்பலகையில் ஏறுகின்றன. பாடம் முடிந்ததும் பின்பக்கக் கேள்விகளுக்கு விடை எழுதிப் போடப்படுகிறது, பிள்ளைகள் பார்த்து எழுதுகிறார்கள். பல நோட்டுகளில், பல பாடநூல்களில், ஆங்கில வரிக்கு மேலே பென்சிலால் தமிழ் எழுத்தில் உச்சரிப்பு எழுதப்பட்டிருப்பதைப் பெற்றோர் பார்த்திருப்பார்கள். கெட்டிக்காரப் பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்துக்கொண்ட ஊன்றுகோல் அது. 45 நிமிட வகுப்பில் 40 பிள்ளைகள் இருந்தால், முழு நேரத்தையும் பிள்ளைகளிடமே விட்டுவிட்டால்கூட ஆளுக்கு ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல்தான் பேசக் கிடைக்கும். நடப்பில் அந்த ஒரு நிமிடமும் கிடைப்பதில்லை. பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வில் ஆங்கிலத்துக்கு உரிய 100 மதிப்பெண்ணும் எழுத்துத் தேர்வுக்கே போகிறது. கேட்டுப் புரிந்துகொள்வதற்கும் பேசுவதற்கும் மதிப்பெண் இல்லாதபோது அவற்றுக்கு நேரம் ஒதுக்கும் ஆசிரியரை மேலதிகாரிகளே விசித்திரமாகப் பார்க்கிறார்கள்.

இதற்காக ஆசிரியர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது பெரிய அநியாயம். அவர்களும் இதே வகுப்பில் உட்கார்ந்து, இதே வரிகளைச் சேர்ந்திசையாகச் சொல்லி வளர்ந்தவர்கள். அவர்களுக்குத் தகுதிச் சான்று வழங்கிய முறைதான் விசாரணைக்கு உரியது.

இடைநிலை ஆசிரியருக்கான இரண்டாண்டுப் பட்டயப் படிப்பிலும், 2015 முதல் இரண்டாண்டாக நீண்ட பி.எட். படிப்பிலும் ‘ஆங்கிலம் கற்பித்தல்’ ஒரு தாளாக இருக்கிறது. அதில் கற்பித்தல் முறைகளின் பெயர்கள், இலக்கணவழி முறைக்கும் நேர்முறைக்கும் உள்ள வேறுபாடுகள், பாடக்குறிப்பின் படிநிலைகள் எல்லாம் தேர்வுக்காகப் படிக்கப்படுகின்றன. படிப்பவரின் சொந்த ஆங்கிலத்தை வளர்க்கும் பயிற்சி அநேகமாக எங்கும் இல்லை. பள்ளியில் 20 வாரக் கற்பித்தல் பயிற்சி வேண்டும் என்று தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் 2014 விதிகள் சொல்கின்றன. நல்ல விதி. ஆனால் அந்த 20 வாரங்களில், ஆங்கிலம் கற்பித்தலை ஆழ அறிந்த ஒருவர் வகுப்பின் பின்வரிசையில் உட்கார்ந்து கவனித்து, பாடம் முடிந்ததும் தனியே அழைத்துப் பேசினார் என்று எத்தனை பயிற்சி ஆசிரியர்களால் சொல்ல முடியும்? ஆசிரியர் கல்வியை ஆராய உச்ச நீதிமன்றம் அமைத்த நீதிபதி ஜே.எஸ். வர்மா குழு 2012இல் அறிக்கை தந்தபோது, நாட்டின் ஆசிரியர் பயிற்சி நிறுவனங்களில் பத்தில் ஒன்பது தனியார் கையில் இருப்பதைச் சுட்டிக்காட்டி, அரசு இதில் முதலீடு செய்ய வேண்டும் என்று சொன்னது. பத்தாண்டுகளுக்கு மேலாகியும் வருகைப் பதிவும் பதிவேடுகளும் சரியாக இருந்தால் சான்றிதழ் உறுதி என்ற நிலையிலேயே ஏராளமான கல்லூரிகள் ஓடிக்கொண்டிருக்கின்றன.

ஆசிரியர் தகுதித் தேர்வாவது இந்த ஓட்டையை அடைக்கிறதா என்றால், அதுவும் இல்லை. இரண்டு தாள்களிலும் மொத்தமுள்ள 150 வினாக்களில் ஆங்கிலத்துக்கு 30. எல்லாம் நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் வினாக்கள். இன்னொரு கொடுமையும் உண்டு. ஆங்கிலத்தில் பட்டம் பெற்று, ஆறு முதல் எட்டாம் வகுப்புவரை ஆங்கிலம் நடத்தப்போகிறவர் எழுதும் இரண்டாம் தாளில் 60 வினாக்கள் சமூக அறிவியலிலோ கணிதம், அறிவியலிலோ வருகின்றன. அவருடைய சொந்தப் பாடத்துக்கு அதில் பாதிதான். ஐந்தாண்டுகளுக்கு மேல் பணிக்காலம் மீதமுள்ள ஆசிரியர்களும் இரண்டு ஆண்டுகளுக்குள் இந்தத் தேர்வில் வெற்றிபெற வேண்டும் என்று 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு, இருபது ஆண்டு அனுபவமுள்ளவர்களும் இப்போது வழிகாட்டி நூல்களைப் புரட்டிக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் தேறினாலும் தேறாவிட்டாலும், ஒரு நிமிடமாவது தொடர்ச்சியாக ஆங்கிலத்தில் பேசிக்காட்டும்படி யாரும் அவர்களைக் கேட்கப்போவதில்லை.

பணிக்கு வந்த பிறகு கிடைக்கும் பயிற்சியின் வரலாறு நீளமானது. 1950களின் இறுதியில், அன்றைய சென்னை மாநிலத்தில் தொடக்கநிலை ஆங்கிலம் கற்பிக்கும் 27,000 ஆசிரியர்களுக்கு மறுபயிற்சி அளிக்கும் பெருமுயற்சி பிரிட்டிஷ் கவுன்சிலின் துணையோடு நடந்தது. ஆங்கிலம் கற்பித்தல் துறையில் உலகெங்கும் பேசப்பட்ட முயற்சி அது. சிலருக்குப் பயிற்சி கொடுத்து, அவர்கள் பலருக்குக் கொடுத்து, அந்தப் பலர் இன்னும் பலருக்குக் கொடுப்பது என்பதே அதன் கணக்கு. அவ்வளவு பேரை அவ்வளவு விரைவில் எட்ட வேறு வழி அன்று தெரியவில்லை. ஆனால் ஒவ்வொரு படி இறங்கும்போதும் பயிற்சியின் சாரம் நீர்த்துப்போவதுதான் இந்த முறையின் பிறவிக் குறை. இன்றும் மாநில நிறுவனத்தில் தொடங்கி மாவட்டம், வட்டார வள மையம், குறுவள மையம் என்று அதே படிக்கட்டில்தான் பயிற்சி இறங்கி வருகிறது. கடைசிப் படியில் இருக்கும் ஈராசிரியர் பள்ளியின் ஆசிரியருக்கு வந்து சேருவது ஒரு கையேடும் சில காணொலிகளும் ஒரு நாள் அமர்வும். அந்த ஒரு நாளும் அவருடைய பள்ளியில் பாதி வகுப்புகள் ஆளில்லாமல் கிடக்கும்.

அதே சென்னையில் பிரிட்டிஷ் கவுன்சிலில் பணியாற்றிய என்.எஸ். பிரபு, 1979 முதல் 1984 வரை தென்னிந்தியாவின் சாதாரணப் பள்ளிகளில் நடத்திய ‘பெங்களூர்த் திட்டம்’ வேறொரு பாதையைக் காட்டியது. வாக்கிய அமைப்புகளை உருப்போட வைப்பதற்குப் பதிலாக, ரயில் கால அட்டவணையைப் படித்து எந்த வண்டியைப் பிடிக்கலாம் என்று கண்டுபிடிப்பது, வரைபடத்தில் வழி சொல்வது போன்ற வேலைகளைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தார். வேலையை முடிக்கும் முனைப்பில் மொழி தானாக வந்து படியும் என்பது அவருடைய எண்ணம். செயல்வழி மொழி கற்பித்தல் பற்றி இன்று உலகில் யார் எழுதினாலும் அந்தத் திட்டத்தைத் தொடாமல் போக முடியாது. பிற்பாடு 1990இல் எழுதிய கட்டுரையில் அவர், எல்லோருக்கும் பொருந்தும் ஒரே சிறந்த முறை எதுவும் கிடையாது, தாம் செய்வது ஏன் பலன் தருகிறது என்று ஆசிரியருக்கு உள்ளூர இருக்கும் நம்பிக்கைதான் கற்பித்தலுக்கு உயிர் என்று வாதிட்டார். நம் மண்ணில் விளைந்த இந்த அறிவை நம் பயிற்சிக் கல்லூரிகள் ஐந்து மதிப்பெண் வினாவாகச் சுருக்கி வைத்திருப்பது வேதனை.

ஆங்கில ஆசிரியருக்கு என்ன தெரிந்திருக்க வேண்டும் என்பதிலும் தெளிவு தேவை. முதலில் அவருக்குத் தமிழின் ஒலியமைப்பும் தொடரமைப்பும் தெரிய வேண்டும். தமிழில் ஒரே பகரம் ‘பல்’லிலும் ‘கம்பு’விலும் இரு வேறு ஒலியாக ஒலிக்கிறது, எழுத்து வேறுபாடு காட்டுவதில்லை. அந்தப் பழக்கத்தோடு வரும் குழந்தைக்கு, ஆங்கிலத்தில் இந்த இரு ஒலிகளும் மாறினால் சொல்லே மாறிவிடும் என்பதைக் காதுவழியாகப் பழக்க வேண்டும். ‘நேற்று வந்த பையன்’ என்று நாம் பெயருக்கு முன்னால் வைப்பதை ஆங்கிலம் பெயருக்குப் பின்னால் வைக்கிறது. நம் வினைச்சொல் கடைசியில் வருகிறது. ஆங்கிலத்தில் அது நடுவில் வந்துவிடுகிறது. இவற்றை அறிந்த ஆசிரியர், பிள்ளை செய்யும் பிழையைப் பார்த்ததும் அது எங்கிருந்து வந்தது என்று கண்டுகொள்வார். அறியாதவர் சிவப்பு மையால் அடித்துவிட்டுப் போவார்.

ஆங்கில வகுப்பில் தமிழே கூடாது என்று தடுக்கும் பள்ளிகள் இந்த அறிவைத்தான் வாசலில் நிறுத்திவைக்கின்றன. பிள்ளைக்குத் தெரிந்த மொழியைப் பிடித்துக்கொண்டுதான் தெரியாத மொழிக்குள் போக வேண்டும். தாய்மொழியில் சரளமாக வாசிக்கத் தெரிந்த குழந்தை இரண்டாம் மொழியின் வாசிப்பையும் எளிதில் பிடித்துக்கொள்கிறது. ஆங்கிலம் நன்றாகக் கற்பிக்கப்பட்டால் தமிழ் தேய்ந்துவிடும் என்று அஞ்சுவோருக்கும் இதுதான் நம் மறுமொழி. 1968 ஜனவரியில் அண்ணா ஆட்சியில் சட்டமன்றம் இருமொழிக் கொள்கையைத் தீர்மானமாக நிறைவேற்றியபோது, இரண்டு மொழிகளும் எல்லா வீட்டுப் பிள்ளைகளுக்கும் உரியவை என்று சொன்னதாகவே அதைப் படிக்க வேண்டும். பணமுள்ளவருக்கு ஆங்கிலம், மற்றவருக்கு ஆங்கிலப் பாடநூல் என்ற பிரிவினை அந்தத் தீர்மானத்துக்குச் செய்யும் துரோகம்.

செலவு தாங்காது என்பார்கள். தாங்கும். பெங்களூருவில் 1963இல் தொடங்கிய தென்னிந்திய வட்டார ஆங்கில நிறுவனம், தென்மாநில ஆசிரியர்களுக்கு 30 நாள் தங்கிப் படிக்கும் சான்றிதழ்ப் பயிற்சியை நடத்திவருகிறது. அதுபோன்ற பயிற்சியை மாவட்ட ஆசிரியர் கல்வி நிறுவனங்களின் வழியாக நம் மாநிலத்திலேயே நடத்த முடியும். மாவட்டத்துக்கு ஆண்டுக்கு 100 ஆசிரியர்கள் என்று வைத்தால், 38 மாவட்டங்களில் 3,800 பேர். பத்தாண்டில் 38,000 பேர். தமிழ்நாட்டில் அரசுப் பள்ளிகள் 37 ஆயிரத்துக்குச் சற்று மேல். பள்ளிக்கு ஒருவர் வீதம், ஆங்கிலத்தைத் தயக்கமில்லாமல் பேசவும் பேசவைக்கவும் தெரிந்த ஆசிரியர் கிடைத்துவிடுவார். ஆனால் பயிற்சிக்குப் போகிறவரின் வகுப்பை அந்த 30 நாளும் கவனிக்க மாற்று ஆசிரியர் வேண்டும். திரும்பி வந்தவரின் வகுப்பை ஆண்டு முழுவதும் அவ்வப்போது வந்து பார்த்து உதவ, புள்ளிவிவரம் சேகரிக்கும் வேலையிலிருந்து விடுவிக்கப்பட்ட ஆசிரியர் பயிற்றுநர்கள் வேண்டும். இந்த இரண்டும் இல்லாவிட்டால் 30 நாள் பயிற்சியும் இன்னொரு சான்றிதழாகக் கோப்பில் போய்ச் சேரும்.

ஆறு முதல் எட்டாம் வகுப்புவரை மொழிகளுக்கு ஓர் ஆசிரியர் இருந்தால் போதும் என்பதுதான் 2009 கல்வி உரிமைச் சட்டத்தின் குறைந்தபட்ச விதி. அந்தக் குறைந்தபட்சத்தோடு நிற்காமல், ஒவ்வொரு நடுநிலைப் பள்ளிக்கும் தமிழுக்கு ஒருவர், ஆங்கிலத்துக்கு ஒருவர் என்று மாநில அரசு பணியிடம் உருவாக்க வேண்டும். ஆங்கில ஆசிரியர் நியமனத்தில் பத்து நிமிட நேர்முகப் பேச்சும், மாதிரி வகுப்பு ஒன்றும் கட்டாயமாக வேண்டும். பத்தாம் வகுப்பு ஆங்கிலத்தில் கேட்டலுக்கும் பேசுதலுக்கும் 20 மதிப்பெண்ணாவது ஒதுக்க வேண்டும். அக மதிப்பீட்டில் முறைகேடு நடக்கும் என்று தயங்குகிறவர்கள், செய்முறைத் தேர்வுக்கு வெளியிலிருந்து தேர்வாளர் வருவதைப்போல இதற்கும் வரவைக்கலாம்.

இப்படிப் பயிற்சி பெற்ற ஆசிரியர்கள் கிடைக்கும்வரை ஆங்கிலவழிப் பிரிவுகளைக் கூட்டுவதை நிறுத்திவைப்பதே நேர்மை. நடத்த ஆளில்லாத மொழியில் பிள்ளைகளை உட்காரவைப்பது ஏழைப் பெற்றோருக்குக் கொடுக்கும் பொய்யான உறுதிமொழி. வரும் நிதிநிலை அறிக்கையில் ஆங்கில ஆசிரியர் பயிற்சிக்கென்று தனித் தலைப்பும், மாற்று ஆசிரியர்களுக்கான தொகையும், முதல் 3,800 பேரின் பயிற்சி தொடங்கும் தேதியும் இடம்பெற வேண்டும் என்று அரசை வலியுறுத்துகிறோம்.