கேட்டால்தானே தெரியும்!

அமெரிக்கத் தொலைக்காட்சியில் 1952 முதல் 1967 வரை 'ஐவ் காட் எ சீக்ரெட்' என்றொரு நிகழ்ச்சி நடைபெற்றது. விருந்தினரிடம் ஓர் இரகசியம் இருக்கும். நால்வர் கொண்ட குழு கேள்விகள் கேட்டு அதனைக் கண்டுபிடிக்க வேண்டும்.

1956ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில் வந்தவர் சாமுவேல் சீமோர் என்னும் 95 வயது முதியவர். தவறி விழுந்து கண்ணருகே வீங்கியிருந்தும் ஆவலோடு வந்திருந்தார். குழுவினர் ஒவ்வொன்றாகக் கேட்டனர். இறுதியில் ஜேன் மெடோஸ் அம்மையார் கண்டுபிடித்துவிட்டார். 1865இல் ஆபிரகாம் லிங்கன் சுடப்பட்டபோது, ஐந்து வயதுச் சிறுவனாக அந்த நாடக அரங்கில் இருந்தவர் அவர்! லிங்கனுக்கு நேர்ந்தது அச்சிறுவனுக்குப் புரியவில்லை. மேலிருந்து மேடையில் விழுந்த மனிதனுக்காகவே அவன் உள்ளம் பதைத்தது. விழுந்தவனே கொலையாளி என்பதை அவன் அறியான்! அந்தப் பிஞ்சு உள்ளத்தின் இரக்கத்தை அவரையன்றி வேறு யார் சொல்ல முடியும்?

அதே ஆண்டு ஏப்ரல் 12ஆம் நாள் சீமோர் காலமானார்.

இத்தகைய நிகழ்ச்சிகள் வெறும் பொழுதுபோக்கு என்பார் சிலர். நான் அவ்வாறு எண்ணவில்லை. ஒரு முதியவர் முன் நால்வர் அமர்ந்து, அவர் வாழ்வைப் பற்றி ஆர்வத்தோடு கேட்டார்களே, அதுவே பெரிய பாடம். நாமோ பாட்டி வாய் திறந்தாலே, "பழைய கதைதானே" என்று எழுந்துவிடுகிறோம்.

தோழியரே, தேர்வுக் கேள்விகளுக்கு விடை புத்தகத்தில் இருக்கிறது. அது நாளைக்கும் இருக்கும். முதியோரின் நெஞ்சில் உள்ள விடைகளை இன்றே கேட்போம்.