செல்போனுக்குள் ஒளிந்திருக்கும் "பியூஸ்"!
சாவி கம்பெனியிடம், அலைச்சல் ஜனங்களுக்கு!

டி.கல்லுப்பட்டி,

வீட்டில் பியூஸ் போனால் கட்டையைப் பிடுங்கி, புதுக் கம்பி சுற்றிச் சொருகுகிறோம். செல்போனுக்குள்ளும் பியூஸ் உண்டு. ஆனால் அது வேறு ரகம்! சிப்புக்குள்ளேயே கண்ணுக்குத் தெரியாத அளவில் இருக்கும். தயாரிக்கும்போதே கம்பெனிக்காரர்கள் கரண்ட் விட்டு எரித்து விடுகிறார்கள். பிரம்மாவே வந்தாலும் அதை ஒட்டவைக்க முடியாது.

போனை ஆன் செய்ததும் சிப் முதலில் இந்தப் பியூசைத்தான் பார்க்கும். சாப்ட்வேரில் கம்பெனியின் "கையெழுத்து" இருந்தால் வழிவிடும். இல்லாவிட்டால் நகராது.

சாம்சங் போனில் இன்னொரு கூத்து. 2013 முதல் "நாக்ஸ்" என்ற பியூஸ் வைத்திருக்கிறார்கள். வேறு சாப்ட்வேர் ஏற்றினால் 0 என்பது 1 ஆகிவிடும். அப்புறம் "செக்யூர் போல்டர்" அந்தப் போனில் வேலை செய்யாது. பழைய சாப்ட்வேரையே திரும்ப ஏற்றினாலும் 1 என்பது 0 ஆகாது!

கடைக்காரர் என்ன செய்வார்?

டிஸ்பிளே உடைந்தால் உள்ளூர்க் கடைக்காரர் மாற்றித் தருவார். சாப்ட்வேர் படுத்துவிட்டால்தான் தொல்லை. கேபிளைச் சொருகிப் பார்ப்பார். போன் கையெழுத்துப் போட்ட பைலைக் கேட்கும். அது கம்பெனியிடம் இருக்கிறது. அவரும் உதட்டைப் பிதுக்குவார். உடனே திருமங்கலம் வழியாக மதுரைக்கு பஸ் ஏற வேண்டியதுதான்! ஒரு நாள் கூலி போச்சு.

கிராமத் தொழிலுக்காகப் பாடுபட்ட ஜே.சி.குமரப்பா கடைசிக் காலத்தில் வாழ்ந்தது இதே ஊர் காந்திநிகேதன் ஆசிரமத்தில்தான். அந்த ஊரில் ரிப்பேர் தெரிந்தவன் கை கட்டி நிற்கிறான்.

திருடனுக்குப் பூட்டு

பூட்டே வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. பஸ்சில் போனை அடிக்கும் ஆசாமிகளுக்கு இந்தப் பூட்டு வேண்டியதுதான். ஐ.எம்.இ.ஐ. நம்பரை மாற்றினால் 2023-ம் ஆண்டு தொலைத்தொடர்பு சட்டப்படி 3 வருஷம் வரை ஜெயில், ரூ.50 லட்சம் வரை அபராதம். சரியான சட்டம்! ஆனால் பில்லோடு வருகிற சொந்தக்காரனுக்கும் அதே பூட்டா?

மத்திய அரசு 2022 டிசம்பர் 24-ந்தேதி "ரிப்பேர் உரிமை"க்கு இணையதளம் திறந்தது. விவரம் கிடைக்கும், சரி. கல்லுப்பட்டி கடைக்காரருக்குக் கையெழுத்துப் போட்ட பைல் கிடைக்குமா?

ஐரோப்பாவில் 2025 ஜூன் 20 முதல் விதி வந்துவிட்டது. ஒரு மாடல் விற்பனை நின்ற பிறகும் 7 வருஷத்துக்கு முக்கிய உதிரிபாகம் கொடுக்க வேண்டும். பாகம் மாற்றத் தேவையான சாப்ட்வேரையும் வெளி மெக்கானிக்குகளுக்குத் தர வேண்டும். அங்கே தருகிற கம்பெனிகள் இங்கேயும் கடை விரித்திருக்கின்றன. பில்லையும் அடையாள அட்டையையும் பதிவு செய்துகொண்டு, பதிவு பெற்ற கடைகளுக்குப் பைலைக் கொடுக்கச் சொல்லி டெல்லி உத்தரவு போடட்டும். பியூஸ் இருக்கிற விஷயத்தைப் போன் டப்பாவின் மேல் தமிழில் அச்சடிக்கட்டும்.