பிள்ளைக் காம்பராவும் பட்டாணியளவுச் சுரப்பியும்

மலையிலே கொழுந்து பறித்துக்கொண்டிருக்கும் தாயொருத்தி, முற்பகலில் கூடையை இறக்கிவைத்துவிட்டுப் பிள்ளைக் காம்பராவை நோக்கி இறங்கி வருகிறாள். ஹற்றன், நுவரெலியாப் பகுதிகளிலே இது எவரும் கண்ட காட்சி. வாசற் பலகையில் ‘சிறுவர் அபிவிருத்தி நிலையம்’ என்று எழுதியிருந்தாலும் லயத்து மக்களுக்கு அது பிள்ளைக் காம்பராதான். அவள் வாசலை அடையுமுன்னரே உள்ளே ஒரு குழந்தை வீரிட்டு அழுகிறது. தன் பிள்ளையோ, பிறர் பிள்ளையோ, அவள் அறியாள். ஆயினும் மார்பு கூசுகிறது, சட்டை நனைகிறது.

தாய்ப்பாசம் என்கிறோம். சொல்வதிற் பிழையில்லை. ஆனால் அந்தப் பாசம் செவியிற் புகுந்து மார்பை வந்தடைவதற்கு ஒரு பாதை உண்டு. அப்பாதையின் நடுவே இருப்பது கபச்சுரப்பி.

மூக்கின் அடிக்கு நேர் பின்னே, மூளையின் கீழே, கபால எலும்பிற் குதிரைச் சேணம் போன்றதொரு பள்ளம் இருக்கிறது. அப்பள்ளத்தில் ஒரு பட்டாணியளவாக, ஏறக்குறைய அரைக் கிராம் நிறையுடன், இச்சுரப்பி அமர்ந்திருக்கிறது. மூளையிலிருந்து கபம் இதன் வழியாக மூக்குக்கு வடிகிறது என்று முற்காலத்து ஐரோப்பிய வைத்தியர் நம்பினார்கள். அந்நம்பிக்கை பொய்யென்று 17ஆம் நூற்றாண்டிலேயே தெளிந்துவிட்டது. பெயர் மட்டும் போகவில்லை. நாமும் அதனைத் தமிழாக்கி வைத்துக்கொண்டிருக்கிறோம்!

பார்வைக்கு ஒன்றாயினும் இது பிறப்பால் இரண்டு. முற்பக்க மடல், கருவிலிருக்கும் சிசுவின் வாயின் மேற்கூரையிலிருந்து மேலெழுந்தது. பிற்பக்க மடலோ மூளையிலிருந்தே கீழிறங்கியது. ஆதலால் பிற்பக்க மடலை நரம்பின் நீட்சி என்பதே பொருத்தம். அது தன் ஓமோன்களைத் தானே ஆக்குவதுமில்லை. மேலேயுள்ள மூளைப் பகுதியின் நரம்புக் கலங்கள் அவற்றை ஆக்கி, சுரப்பியின் காம்பினூடே செல்லும் நரம்பு நார்கள் வழியாகக் கீழே அனுப்புகின்றன. பிற்பக்க மடல் வெறும் பண்டகசாலை. மூளை கட்டளையிட்டதும் சரக்கு இரத்தத்திற் கலக்கிறது.

அங்கே சேர்ந்திருக்கும் சரக்கு இரண்டு. ஒன்று வசோபிரசின், சிறுநீரகம் நீரை வீணாக்காது காப்பது. குளிரிலே தோலின் இரத்தக் குழாய்கள் சுருங்கி இரத்தம் உடலின் நடுவே திரளும்பொழுது இதன் சுரப்புக் குறையும். நுவரெலியாவுக்கு விடுமுறையில் வருகிறவர்கள் இரவில் இரண்டு மூன்று முறை எழுந்திருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். மற்றது ஒட்சிரோசின். நம் கதை அதைப் பற்றியதே.

பிற்பக்க மடலின் சாறு பூனையின் கருப்பையைச் சுருங்கச் செய்வதை ஹென்றி டேல் 1906இல் எழுதினார். அச்சாறு பாலையும் வெளித்தள்ளும் என்பது 1910இல் ஆட்டிற் காணப்பட்டது. ஒன்பதே அமினோவமிலங்களாலான இப்பொருளை 1953இல் ஆய்வுகூடத்திலே ஆக்கிக் காட்டிய வின்சன்ற் டு விக்னோ 1955இல் நோபெல் பரிசு பெற்றார். பிரசவத்தின் பின் இரத்தப்போக்கைத் தடுக்கத் தாய்க்கு இன்று போடப்படும் ஊசிமருந்தும் இதுவேயாகும்.

பாலை ஆக்குவது ஒன்று, வெளிவிடுவது வேறொன்று. ஆக்குவிப்பது முற்பக்க மடலின் புரோலக்ரின். மார்பினுள் நுண்ணிய பைகளிலே நிறைந்திருக்கும் அப்பாலை, பைகளைச் சுற்றியுள்ள தசைக் கலங்கள் அழுத்தினாலன்றிப் பிள்ளையால் முழுதும் உறிஞ்சிக்கொள்ள இயலாது. அவற்றை அழுத்தச் செய்வது ஒட்சிரோசின். பிள்ளை வாய்வைத்த ஒரு நிமிடமளவில் அது வந்து சேரும். பல தாய்மாருக்கு அழுகுரல் கேட்டவுடனேயே வந்துவிடும். ஆனால் அச்சமும் நோவும் மனக்கலக்கமும் அதனைத் தடுத்துவிடும். மாடு வளர்ப்போர் இதனை நெடுங்காலமாக அறிவர். கன்றை முதலில் ஊட்டவிடுவார்கள். புதியவர் வந்து அதட்டினால் மாடு பாலை அடக்கிக்கொள்ளும் என்பார்கள்.

1948இல் அமெரிக்காவில் நியூற்றன் தம்பதியர் இதனை அளந்தே பார்த்தனர். தாயாக இருந்து சோதனைக்கு உட்பட்டவர் மனைவி நைல்ஸ் நியூற்றன்தான். அமைதியாக ஊட்டியபோது பிள்ளை குடித்தது 168 கிராம். பனிக்கட்டி நீரிற் காலை வைத்தும், கால்விரலை வலிக்க இழுத்தும், கடினமான கணக்குகளைக் கேட்டும் தொல்லை கொடுத்தபோது 99 கிராமே கிடைத்தது. அத்தொல்லைகளின் நடுவே ஒட்சிரோசின் ஊசி போட்டபோது 153 கிராம்! பால் எங்கும் போய்விடவில்லை, திறப்புத்தான் வரவில்லை.

நமது தாயிடம் திரும்புவோம். எட்டத்து மலையிலிருந்து ஓடி இறங்கியிருக்கிறாள். கொழுந்து நிறுக்கும் நேரத்துக்குத் திரும்பவேண்டும். நிறை குறைந்தால் அரைப்பேர்தான் என்ற கணக்கு மனத்திலே ஓடுகிறது. கால்கள் ஈரத்தில் விறைத்திருக்கின்றன. நியூற்றன் அம்மையார் சோதனைக்காக வருவித்துக்கொண்ட தொல்லைகளுக்கும் இவற்றுக்கும் அதிக வேற்றுமை எனக்குத் தோன்றவில்லை. பிள்ளை உறிஞ்சி, கிடைக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுகிறது. “எனக்குப் பால் வத்திப்போச்சு” என்று அவள் முடிவு செய்கிறாள். அடுத்த சம்பளத்திலே ஒரு பங்கு பால்மாவுக்குப் போகிறது. மார்பிலிருந்து எடுக்கப்படாத பால் நாளடைவில் மெய்யாகவே குறைந்தும்விடுகிறது.

மகப்பேற்று நன்மைகள் பற்றி 1939இல் பிறந்த கட்டளைச்சட்டம், இன்று திருத்தப்பட்டுள்ளவாறு, ஒரு வயதுக்குட்பட்ட பிள்ளைக்குப் பாலூட்டும் தாய்க்கு 9 மணி நேர வேலையினுள் இரண்டு இடைவேளை தருகிறது. பிள்ளைக் காம்பரா இருக்குமாயின் ஒவ்வொன்றும் அரைமணிக்குக் குறையலாகாது. இல்லாவிடின் ஒரு மணி. சாப்பாட்டு நேரம் இதிற் சேராது. அந்த அரைமணி, மலையிற் கூடையை இறக்கிய இடத்திலன்றிப் பிள்ளைக் காம்பரா வாசலிலே தொடங்கவேண்டும் என்பது என் கருத்து. கைக்குழந்தைக்காரிகளுக்குக் கிட்டத்து மலையில் வேலை கொடுப்பதும் கங்காணிமாரால் ஆகக்கூடிய காரியமே.

பிள்ளைக் காம்பரா ஆயாவும் உதவலாம். தாய் வந்ததும் நனைந்த காலைத் துடைத்து உட்காரட்டும். சூடான தேநீர் ஒரு கோப்பை குடிக்கட்டும். பிள்ளையை ஒரு நிமிடம் மடியில் வைத்துக் கொஞ்சட்டும். அதன் பின்னர் ஊட்டினாற் போதும். வர முடியாத நாளுக்கென்று காலையிலேயே பாலைப் பிழிந்து, கொதிநீரிற் கழுவிய மூடியுள்ள பாத்திரத்தில் வைக்கலாம். 25 பாகைக்கு மேற்படாத அறையில் 4 மணி நேரம் வரை அது கெடாது. நுவரெலியாவின் குளிர் அந்த ஒரு காரியத்தில் நமக்கு அனுகூலமானது.