கட்டுப் பிரித்த பிறகு...

அம்பத்தூர் தொழிற்பேட்டையில் இரண்டு விதமான உழைப்பு அருகருகே நடக்கிறது. ஒருபுறம், 1960-களில் தொடங்கிய மரபின் தொடர்ச்சியாக இயங்கிவரும் சிறு, குறுந்தொழில் பட்டறைகள். பவர் பிரஸ்ஸிலும் கடைசல் இயந்திரத்திலும் கைகளே அங்கு மூலதனம். மறுபுறம், பல மாடிக் கண்ணாடிக் கட்டடங்கள். ஆவடியிலிருந்தும் பூந்தமல்லியிலிருந்தும் வரும் அறிவியல் பட்டதாரிகள் அங்கே கணினிமுன் அமர்ந்து, அமெரிக்க மருத்துவமனைகளின் சிகிச்சைக் குறிப்புகளைப் படித்து அவற்றுக்குரிய குறியீடுகளை இடுகிறார்கள். 'மெடிக்கல் கோடிங்' என்று நாம் அறிந்த பணி இதுதான்.

அவர்கள் கையாளும் குறியீடுகளில் ஒன்றைப் பார்ப்போம். வலது உள்ளங்கையில், சுண்டுவிரலைத் தாங்கும் எலும்பின் நடுப்பகுதி முறிந்து விலகியிருந்தால் அதன் குறியீடு 'எஸ் 62.326'. அத்துடன் முடிவதில்லை, ஏழாவதாக ஓர் எழுத்தும் சேர்ந்தாக வேண்டும். முறிவைச் சரிசெய்யும் சிகிச்சை நடக்கும்வரை 'ஏ'. அது முடிந்து, எலும்பு கூடிவரும் காலத்தில் மாவுக்கட்டைப் பிரிக்கவோ, எக்ஸ்ரே எடுத்துப் பார்க்கவோ, பொருத்திய கம்பியை அகற்றவோ நோயாளி வந்தால் 'டி'. எலும்பு கூடுவது தாமதமானால் 'ஜி'. கூடாமலே போனால் 'கே'. கோணலாகக் கூடிவிட்டால் 'பி'. ஆறிய பிறகும் எஞ்சி நிற்கும் பின்விளைவுக்கு 'எஸ்'.

முதல் முறை வந்தால் 'ஏ', இரண்டாம் முறை வந்தால் 'டி' என்று புதிதாகப் பயில்வோர் தவறாக எண்ணுவதுண்டு. வருகையின் எண்ணிக்கை இங்கே கணக்கில்லை. குணமாதலின் கட்டமே கணக்கு. மருத்துவர் எழுதாததைக் குறியீடு இடுபவர் ஊகித்துச் சேர்க்கவும் கூடாது. எனவே, ஒவ்வொரு தொடர் வருகையின்போதும் எலும்பு எந்த நிலையில் இருக்கிறது என்பதை மருத்துவர் எழுதியே தீர வேண்டியிருக்கிறது.

2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் நடைமுறையில் உள்ள இந்த ஏற்பாடு கருணையால் பிறந்ததன்று. காப்பீட்டுப் பணப் பட்டுவாடாவில் இதற்குப் பெரும் பங்கு உண்டு. ஓர் எழுத்து பிசகினால் கேட்புத் தொகை மறுக்கப்படலாம். அந்நாட்டின் மருத்துவச் செலவும் காப்பீட்டுச் சிக்கல்களும் நாம் பின்பற்றத்தக்கவை அல்ல. ஆனால், 'கட்டுப் போட்ட கை இப்போது எப்படி இருக்கிறது?' என்ற கேள்வியைத் தவிர்க்க முடியாததாக அந்த ஏழாவது எழுத்து ஆக்கியிருக்கிறது. அதே தொழிற்பேட்டையில், சாலையின் மறுபக்கம் முறியும் கையைப் பற்றி அந்தக் கேள்வியை நம்மில் யார் கேட்கிறோம்?

கை எலும்பு முறிவில் கட்டுப் போடுவது பாதி வேலை மட்டுமே. விரல் எலும்புகளும் உள்ளங்கை எலும்புகளும் பெரும்பாலும் மூன்று முதல் ஆறு வாரங்களில் கூடிவிடுகின்றன. மணிக்கட்டிலுள்ள சிறிய படகு எலும்போ மூன்று மாதங்கள்கூட எடுத்துக்கொள்ளும். கட்டு தேவைக்கு மேல் நீடித்தால் மூட்டுகள் இறுகிப்போகும். எலும்பு சற்றே திருகிக் கூடினாலும் கையை மடக்கும்போது ஒரு விரல் மற்றொன்றின்மேல் ஏறிக்கொள்ளும். எக்ஸ்ரே படத்தில் எலும்பு கூடியிருக்கும். ஆனால், அந்தக் கையால் ஸ்பேனரைப் பிடிக்க முடியாது. கை காப்பாற்றப்படுவதும் கைவிடப்படுவதும் கட்டுப் பிரித்த பிந்தைய வாரங்களில்தான்.

நமது திட்டங்களோ தொடக்கத்தின்மீதே கண் வைக்கின்றன. 2021 டிசம்பரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம் - நம்மைக் காக்கும் 48' திட்டம், சாலை விபத்தில் சிக்கியோருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை உறுதிசெய்கிறது. உயிர் காக்கும் அரிய திட்டம் அது. மத்திய அரசின் ஆயுஷ்மான் பாரத் காப்பீடு, மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பிய பின் 15 நாள்களுக்கான செலவை ஏற்கிறது. அமெரிக்காவின் மெடிகேரில், பெரும்பாலான எலும்பு முறிவுச் சிகிச்சைகளுக்கான கட்டணத்தில் 90 நாள் தொடர் வருகைகள் அடக்கம். 15 நாளில் பலருக்குக் கட்டே பிரிக்கப்பட்டிருக்காது.

தொழிலாளர் காப்பீடான ஈஎஸ்ஐ இதில் மேலானது. பணியில் காயமுற்றவருக்கு, வேலை செய்ய இயலாத காலம் முழுவதும் ஊதியத்தில் ஏறத்தாழ 90 விழுக்காட்டை அது வழங்குகிறது. ஆனால், நிரந்தரப் பாதிப்பு என்று வரும்போது சிக்கல் தொடங்குகிறது. 1948-ஆம் ஆண்டின் ஈஎஸ்ஐ சட்டம் வகுத்த அட்டவணை, கட்டைவிரலை இழந்தால் 30 விழுக்காடு, ஒரு கையின் நான்கு விரல்களை இழந்தால் 50 விழுக்காடு என உழைப்புத் திறன் இழப்பைக் கணக்கிட்டது. துண்டான விரலுக்குக் கணக்கு உண்டு. ஒட்டியிருந்தும் பாதியே மடங்கும் விரலுக்கு அத்தகைய நேரடிக் கணக்கு இல்லை. அதை மருத்துவக் குழுதான் மதிப்பிட வேண்டும். அப்போது தொழிலாளிக்குத் துணை நிற்கக்கூடியவை தொடர் வருகைக் குறிப்புகளே. அவை 'மருந்து தொடரவும்' என்ற ஒற்றை வரியோடு நின்றுவிட்டால், அவர் தன் இழப்பை எதைக் கொண்டு நிறுவுவார்?

ஒருநாள் கூலியை இழக்க அஞ்சி மறுபரிசோதனைக்குச் செல்லாதவர்கள், பாதியில் புத்தூர் கட்டுக்கு மாறுபவர்கள், கட்டோடு சொந்த மாநிலத்துக்கு ரயில் ஏறும் புலம்பெயர் தொழிலாளர்கள் என விடுபடுவோர் பலர். அவர்களது அலட்சியம் என்று இதை ஒதுக்கிவிட முடியாது. வராத நோயாளியைத் தேடும் ஏற்பாடு நம்மிடம் இல்லை என்பதே உண்மை.

இதற்குப் புதிய கட்டடங்கள் தேவையில்லை. எலும்பு கூடிவருகிறதா, தாமதமா, கோணலா, விரல்கள் முழுதாக மடங்குகின்றனவா என்ற நான்கு கேள்விகளைப் புறநோயாளிச் சீட்டில் தமிழிலேயே அச்சிடலாம். 2021 ஆகஸ்டில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீடு தேடிச் செல்லும் இயன்முறை மருத்துவர்கள் ஏற்கெனவே உள்ளனர். கை முறிவுக்குச் சிகிச்சை பெற்றோரின் பட்டியல் அவர்களைச் சென்றடைய வேண்டும். ஈஎஸ்ஐ மருந்தகங்களில், பணிநேரம் முடிந்த மாலை வேளையில் கைப்பயிற்சி கிடைக்கச் செய்ய வேண்டும். கைச் சிகிச்சையிலும் மறுவாழ்விலும் நாடறிந்த ஸ்டான்லி அரசு மருத்துவமனையின் கை ஆய்வு, மறுவாழ்வு நிலையம் சென்னையிலேயே இருக்கிறது. சிக்கலான கைகளை உரிய வாரத்தில் அங்கு அனுப்பிவைக்கும் வழிமுறை வகுக்கப்பட வேண்டும்.

கடல் கடந்த ஒருவரின் சுண்டுவிரல் எலும்பு எந்த நிலையில் இருக்கிறது என்பதை ஓர் எழுத்தில் பிழையின்றிப் பதியும் திறமை நம் பிள்ளைகளிடம் இருக்கிறது. அவர்களில் சிலருடைய தந்தையர் அதே தொழிற்பேட்டையின் பட்டறைகளில் உழைத்தவர்களாகவும் இருக்கக்கூடும். அந்தக் கைகளின் கணக்கையும் முறையாக எழுதத் தொடங்குவது அரசின் கடமை.