முள்ளைத் தள்ளினால் விடிந்துவிடாது

இந்தியக் கடிகாரங்களை அரை மணி முன்னே தள்ளிவைத்தால் மின்பற்றாக்குறை பெருமளவு தீர்ந்துவிடும் என்று சென்ற இதழில் நண்பர் எழுதியிருக்கிறார். அதற்குக் ‘காலப் பொறியியல்’ என்று பெயரும் சூட்டியிருக்கிறார். பெயர் பிரமாதம். அணை கட்டுகிறவனுக்குச் சிமெண்டும் கம்பியும் வேண்டும். இவருடைய பொறியியலுக்கு ஒரு விரல் போதும். விரல் இவருடையது, எழுந்து ஓட வேண்டியது வேறொருத்தி.

முதலில் கணக்கு. பெங்களூரு தேசிய உயர் ஆய்வு நிறுவனத்தின் திலீப் அகுஜாவும் சென் குப்தாவும் சொன்ன மிச்சத்தை அவர் தூக்கிப் பிடிக்கிறார்: ஆண்டுக்குச் சுமார் 270 கோடி யூனிட். நாட்டின் ஆண்டு உற்பத்தி இன்று 1,50,000 கோடி யூனிட்டைத் தாண்டிவிட்டது. ஆயிரம் ரூபாய்ச் செலவில் இரண்டு ரூபாய்கூட மிஞ்சாது. அதுவும் குண்டு பல்பு காலத்துக் கணக்கு. 2015இல் தொடங்கிய உஜாலா திட்டத்தில் மட்டும் 36 கோடிக்கு மேல் எல்இடி பல்புகள் வீடுகளுக்குப் போயிருக்கின்றன. அமெரிக்காவின் இண்டியானா மாநிலம் 2006இல், கடிகாரத்தை முன்னே தள்ளும் கோடை நேரத்துக்கு முழுவதுமாக மாறியபோது ஆய்வாளர்கள் வீட்டு மின்கட்டண விவரங்களை அலசினார்கள். செலவு குறையவில்லை, ஏறத்தாழ 1 சதவீதம் கூடியிருந்தது.

“1906இல் மெட்ராஸ் நேரம் இந்திய நேரமாக மாறியபோது யாரும் செத்துவிடவில்லை, இதுவும் பழகிவிடும்” என்கிறார். மெட்ராஸ் அன்று நகர்ந்தது ஒன்பது நிமிடம்கூட இல்லை. 39 நிமிடம் நகர வேண்டியிருந்த பம்பாயில் ஆலைத் தொழிலாளர்கள் கொந்தளித்தார்கள். மாநகராட்சி பல பத்தாண்டுகள் தன் பழைய நேரத்தை விடவில்லை. மேலும், திண்டுக்கல் பக்கம் நாம் ஏற்கெனவே சூரியனுக்கு 18 நிமிடம் முன்னால் ஓடிக்கொண்டிருக்கிறோம். இவர் பேச்சைக் கேட்டால் அது 48 நிமிடமாகும். உச்சிப்பொழுது வரும்போது மணி பன்னிரண்டே முக்கால் தாண்டியிருக்கும்.

நண்பரின் கட்டுரையில் இலங்கை என்ற சொல்லே இல்லை. மறந்துவிட்டாரா, மறைத்துவிட்டாரா தெரியவில்லை. 1996 மே மாதம், மின்வெட்டைச் சமாளிக்கவென்று கொழும்பு கடிகாரத்தை ஒரு மணி முன்னே தள்ளியது. அக்டோபரிலேயே பாதியைத் திரும்ப எடுத்துக்கொண்டது. மிச்சமிருந்தது, நண்பர் நமக்குக் கேட்கிற அதே அரை மணி. பத்து வருடம் வைத்துப் பார்த்துவிட்டு 2006 ஏப்ரலில் அதையும் கைவிட்டார்கள். இருட்டில் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகளைப் பற்றிய முறைப்பாடும் அதற்கு ஒரு காரணம். இடைப்பட்ட காலமெல்லாம் புலிகளின் பகுதியில் பழைய நேரமே ஓடியது. ஒரே தீவில், சோதனைச் சாவடிக்கு இந்தப் பக்கம் ஒரு மணி, அந்தப் பக்கம் ஒரு மணி. நம் காந்திகிராமம் கொழும்புக்கு மேற்கே இருக்கிறது. நமக்குச் சூரியன் இன்னும் தாமதம். அவர்களுக்கே ஒத்துவராதது நமக்கு எப்படி ஒத்துவரும்?

ஜனவரிக் கடைசியில் காந்திகிராமத்தில் பொழுது விடிய 6.40 ஆகிறது. ஆறு மணி ஷிஃப்டுக்குப் போகும் பெண்கள் ஐந்துக்கெல்லாம் அம்பாத்துரைப் பிரிவில் மில் வேனுக்கு நிற்கிறார்கள். ஈரத் தலையில் துண்டு, கையில் தூக்குச் சட்டி, பல்லில் கடித்த ஹேர்பின். வேன் வெளிச்சம் விழுந்த பிறகுதான் முகமே தெரிகிறது. “சூரியனப் பாக்குறதே ஞாயித்துக்கிழமதாண்ணே” என்றாள் ஒருத்தி. இந்தப் பெண்ணிடம்தான் இன்னும் அரை மணி முன்னால் எழு என்கிறார். நிலக்கோட்டைப் பக்கம் மல்லிகை பறிப்பவர்கள் நெற்றியில் டார்ச் கட்டிக்கொண்டு தோட்டத்தில் இறங்குகிறார்கள். பூ கடிகாரம் பார்க்காது. மார்க்கெட்டுக்குப் போகும் பஸ் பார்க்கும். சாயங்காலம் நகரத்துப் பால்கனியில் மிச்சமாகும் விளக்கை இவர்கள் விடியற்காலையில் போட்டாக வேண்டும். மிச்சம் அங்கே, செலவு இங்கே.

சூரியன் சீக்கிரமே எழுந்துவிடுகிறது என்ற இந்தியாவின் வடகிழக்கு மாநிலங்களின் குறை நியாயமானது, அதை மறுக்கவில்லை. அசாம் தேயிலைத் தோட்டங்கள் வெள்ளைக்காரன் காலத்திலிருந்தே ஒரு மணி முன்னால்தான் வேலை செய்கின்றன. அவர்களுக்கென்று தனி நேரம் வேண்டும் என்று 2018இல் தேசிய இயற்பியல் ஆய்வக விஞ்ஞானிகளே எழுதினார்கள். கொடுக்கட்டும். ஒரு மணி தேவைப்படுகிறவர்களுக்கு அரை மணியும், ஒன்றுமே கேட்காத நமக்கு அரை மணியும் பங்கு வைப்பது என்ன நியாயம்?

கடைசியாகக் காந்தியின் இடுப்புக் கடிகாரத்தையும் சாட்சிக்கு இழுத்திருக்கிறார். 1947இல் சௌந்திரம் அம்மாவும் கோ. ராமச்சந்திரனும் காந்தி பெயரால் தொடங்கிய காந்திகிராமத்தில் இருந்துகொண்டு இதைப் படிக்க வேண்டியிருக்கிறது! காந்தி கடிகாரம் பார்த்தது தான் நேரம் தவறாமல் இருக்க. ஊரார் நேரத்தைத் திருத்த அல்ல.

நண்பருக்கு ஓர் அழைப்பு. ஜனவரியில் ஒரு நாள் காலை ஐந்து மணிக்கு அம்பாத்துரைப் பிரிவுக்கு வாருங்கள். உங்கள் திட்டத்தை அந்தப் பெண்களிடமே நின்று விளக்குங்கள். தற்போதைய நேரப்படியே வரலாம்.