திறமைக்கும் தோள் வேண்டும்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி. இயற்பியல் மாணவன்)

“திறமை இருந்தால் தானாக முன்னுக்கு வருவான்” என்று நம்மில் பலர் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். இக்கூற்று எத்துணைத் தவறானது என்பதை உணர, டச்சு நாட்டு இயற்கைக் காட்சி ஓவியர் யோகான் பார்டோல்ட் யோங்கிண்டின் வாழ்க்கையைப் புரட்டிப் பார்த்தாலே போதும்.

1819ஆம் ஆண்டு நெதர்லாந்தின் லாட்ரோப் என்னும் சிற்றூரில் பிறந்தவர் அவர். தி ஹேக் நகரில் ஷெல்ஃபவுட் என்ற ஓவியரிடம் பயின்றார். அரச குடும்பத்தின் உதவித்தொகையைப் பெற்று, 1846இல் பாரிசு சென்று இசபே என்பாரிடம் மாணவரானார். 1852இல், புகழ்பெற்ற சலோன் கண்காட்சியில் பதக்கமும் வென்றார்.

ஆனால் 1853இல் உதவித்தொகை நின்றது. கடன் கழுத்தை நெரித்தது. மது மதியைக் கெடுத்தது. 1855இல் மனமுடைந்து தாயகம் திரும்பினார். பதக்கம் வென்ற அதே கை, அதே கண். அவற்றின் திறமையா குறைந்துவிட்டது? இல்லை. தாங்கிய தோள்தான் விலகிவிட்டது!

அவரைப் பாரிசு நண்பர்கள் மறக்கவில்லை. ஓவியர்கள் பலர் தம் படைப்புகளை நன்கொடையாகக் கொடுத்தனர். 1860இல் அவை ஏலத்தில் விற்கப்பட்டன. கிடைத்த பணத்தைக் கொண்டு, கால்ஸ் என்ற ஓவியர் ராட்டர்டாம் சென்று நண்பரைக் கையோடு அழைத்து வந்தார். பின்னர் ஜோசஃபின் ஃபெசர் என்னும் பெண்மணி இறுதிவரை அவரைப் பேணிக் காத்தார்.

இதன் பயன் என்ன? 1862இல் நார்மண்டிக் கடற்கரையில் இளைஞர் ஒருவர் யோங்கிண்டைச் சந்தித்தார். அவர்தான் குளோத் மோனே! திறந்த வெளியில் அமர்ந்து, மாறும் ஒளியை நீர்வண்ணத்தில் விரைந்து பதிவு செய்வதும், பின்னர் அதைக்கொண்டு கூடத்தில் எண்ணெய் வண்ண ஓவியம் தீட்டுவதும் யோங்கிண்டின் வழக்கம். சோதனைக்கூடத்தில் அளவீட்டை அப்போதே குறித்துக்கொள்ளும் நமக்கு இம்முறையின் அருமை புரியும். தம் கண்ணுக்குப் பயிற்சி தந்தவர் யோங்கிண்டே என்று மோனே பிற்காலத்தில் நன்றியோடு கூறினார். 1874இல் மோனேயும் தோழர்களும் நடத்திய கண்காட்சியிலிருந்தே ‘இம்ப்ரெஷனிசம்’ என்னும் பெயர் பிறந்தது. 1860இல் அந்த ஏலம் நடந்திராவிட்டால், 1862இல் அந்தச் சந்திப்பு ஏது?

“மீண்டும் குடித்தாரே! 1891இல் கிரெநோபிள் அருகே மனநோய் மருத்துவமனையில்தானே மாண்டார்! உதவி வீண்தானே?” என்று சிலர் கேட்கக்கூடும். அவர் முற்றும் திருந்தவில்லை என்பது உண்மையே. ஆயினும் இடைப்பட்ட முப்பத்தோர் ஆண்டுகளில் அவர் படைத்தவை ஏராளம். உதவி பெறுபவன் குறையற்றவனாக இருந்தால்தான் கொடுப்போம் என்பது உதவியன்று, வாணிகம்!

என் குடும்பத்தில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். உதவித்தொகை ஒரு மாதம் தாமதமானால் என்னவாகும் என்பதைப் பிறர் சொல்லி நான் அறிய வேண்டியதில்லை. புகுமுக நாளில் நம்மோடு அமர்ந்து இன்று வராத தோழர்களை எண்ணிப் பாருங்கள். அவர்களுக்குத் திறமை இல்லை என்று யார் துணிந்து சொல்வார்?

எனவே மாணவ நண்பர்களே, மதிப்பிற்குரிய ஆசிரியப் பெருமக்களே! ஒரு மாணவன் வகுப்புக்கு வராதபோது வருகைப் பதிவேட்டில் குறியிடுவதோடு நின்றுவிட வேண்டாம். கால்ஸ் ராட்டர்டாம் சென்றதுபோல், ஒருவரேனும் அவன் வீடு தேடிச் செல்வோம்.